தரைச்செடி காட்டும் நிலத்தரம்: பின்லாந்து தேசத்தார் காடுகளை வகுத்துப் படம் வரைந்த முறை

நிலத்தின் தரத்தை அதன்மேல் இன்று நிற்கும் பயிரைக் கொண்டு மதிப்பிடுவது எளிது. ஆயின் அம்மதிப்புப் பல சமயங்களில் பிழையாகவே முடியும். நல்ல பூமியும் கவனிப்பாரற்றுக் கிடந்தால் பயிர் சோர்ந்து நிற்கும். நடுத்தரமான பூமியும் உழைப்பாளியின் கையில் செழித்துத் தோன்றும். தீர்வை விதிப்பவர், நிலம் வாங்குபவர், ஈட்டின்மேல் கடன் கொடுப்பவர் ஆகிய யாவரும் அறிய விரும்புவது இன்றைய பயிரை அன்று. அந்நிலம் இயல்பாகவே எவ்வளவு விளைவிக்க வல்லது என்பதையே.

காட்டு நிலத்தில் இச்சங்கடம் பன்மடங்கு பெரிது. வயலில் தவறான பயிரை இட்டவன் அடுத்த போகத்தில் திருத்திக் கொள்ளலாம். குளிர் மிகுந்த வடதேசக் காடுகளிலோ ஒரு மரம் முதிர்ந்து வெட்டுக்கு வர எழுபது முதல் நூறு ஆண்டுகள் செல்லும். நிலத்திற்கு ஒவ்வாத மரத்தை நட்டவன் தன் பிழையின் முழுப் பலனைக் காணுமுன் காலமாகிவிடுவான். அதனைப் பேரன் அனுபவிப்பான். ஆதலின், மரம் நடுமுன்னரே நிலத்தின் இயல்பை அறிந்து படத்தில் குறித்து வைக்க ஒரு நம்பகமான வழி வேண்டியதாயிற்று. அவ்வழியைப் பின்லாந்து தேசத்தார் கண்ட விதமும், அதனைத் தீர்வைக்கும் சாகுபடிக்கும் பயன்படுத்திய விதமும், அதன் குறைகளும் இங்கே விவரிக்கப்படுகின்றன.

தேசத்தின் அமைப்பு

பின்லாந்து ஐரோப்பாவின் வடகிழக்கில், ஏறக்குறைய 60 முதல் 70 பாகை வட அட்சத்திற்குள் அடங்கியது. சுமார் பதினாயிரம் ஆண்டுகளுக்கு முன்வரை பனிப்பாறை மூடிக் கிடந்த பூமி அது. பனிப்பாறை உருகி விலகியபோது ஓரிடத்தில் கல்லும் மண்ணும் கலந்த மேட்டையும், ஓரிடத்தில் வெறும் மணல் திட்டையும், தாழ்ந்த இடங்களில் களிமண்ணையும் விட்டுச் சென்றது. ஆகவே ஒரே குடியானவனுடைய காட்டிலும் நூறு கஜத்திற்குள் மண் மாறுவது அங்கே சகஜம்.

அத்தேசத்து நிலப்பரப்பில் முக்கால் பங்கு காடு. அக்காட்டிலும் பாதிக்கு மேற்பட்டது சாதாரணக் குடும்பங்களின் சொந்த உடைமை. முக்கிய மரங்கள் மூன்றே: வெயிலை விரும்பி வறண்ட மணலிலும் நிற்கும் பைன் மரம், நிழலைத் தாங்கிக் கூம்பு வடிவாய் வளரும் ஸ்ப்ரூஸ் மரம், வெள்ளைப் பட்டையுடைய பிர்ச் மரம். பிர்ச் என்பது இமயமலைப் பகுதியில் பூர்ஜபத்திரம் தரும் மரத்தின் இனத்தைச் சேர்ந்தது.

மரத்தைக் கொண்டு வகுப்பதிலுள்ள குறை

காட்டை அதில் நிற்கும் மரத்தின் பெயரால் பைன் காடு, ஸ்ப்ரூஸ் காடு, பிர்ச் காடு என்று வகுப்பது பழைய வழக்கம். இவ்வழக்கம் மரம் விற்பவனுக்குப் போதுமானது. நிலத்தை அறிய விரும்புவோனுக்குப் போதாது. கிழக்குப் பின்லாந்தில் முற்காலத்தில் குடியானவர்கள் ஸ்ப்ரூஸ் காட்டை வெட்டிச் சாய்த்து, உலரவிட்டு, எரித்து, அச்சாம்பலில் ரை என்னும் தானியத்தை விதைத்து வந்தனர். சில போகம் எடுத்தபின் நிலத்தை விட்டுவிடுவர். விட்ட இடத்தில் முதலில் முளைப்பது பிர்ச்சும் ஆல்டர் என்னும் மரமுமேயாம். அடுத்த வரப்பில், எரிக்கப்படாத அதே மண்ணில், பழைய ஸ்ப்ரூஸ் காடு நிற்கும். மரத்தை மட்டும் நோக்குபவர் இவ்விரண்டையும் இருவேறு தரமென எழுதுவர். உண்மையிலோ நிலம் ஒன்றே. அதன் வரலாறு மட்டுமே வேறு.

மேலும், மரத்தைக் கொண்டு வரைந்த படம் கோடரி விழுந்த அன்றே பழசாகிவிடுகிறது. தீ, புயல், பூச்சி ஆகியவையும் அதனை அழித்துவிடும். நிலத்தின் இயல்பைக் குறிக்கும் படமோ பல தலைமுறைக்கு உதவும்.

கயாண்டரின் கொள்கை

இந்நிலையில் 1909-ம் ஆண்டில் ஆய்மோ கார்லோ கயாண்டர் (1879-1943) என்னும் பின்லாந்து தாவர சாஸ்திரி காட்டு வகைகளைப் பற்றி ஜெர்மன் பாஷையில் ஒரு நூல் வெளியிட்டார். இவர் ஹெல்சிங்கி சர்வகலாசாலையில் வனவியல் ஆசிரியராகவும், பின்னர் மூன்று முறை தம் தேசத்தின் பிரதம மந்திரியாகவும் இருந்தவர். அவரது கொள்கை சுருக்கத்தில் இதுவே: காட்டு நிலத்தின் தரத்தை மேலே நிற்கும் மரத்தினிடம் கேளாமல், கீழே தரையை மூடியிருக்கும் சிறு செடிகளிடமும் பாசிகளிடமும் கேட்க வேண்டும்.

இதற்குக் காரணம் உண்டு. மரத்தை மனிதன் நடலாம், வெட்டலாம், மாற்றலாம். அடிச்செடிகளையோ ஒருவரும் நடுவதில்லை. ஈரம், மண்ணிலுள்ள சத்து, குளிர் ஆகியவற்றிற்கு ஏற்ப அவை ஒன்றோடொன்று போட்டியிட்டு, எதற்கு அவ்விடம் ஒத்துக்கொள்கிறதோ அதுவே நிலைபெறுகிறது. ஆகவே முதிர்ந்த காட்டில், மேலே நிற்பது எம்மரமாயினும், ஒரே தரமுள்ள நிலத்தில் ஏறக்குறைய ஒரே விதமான அடிச்செடிக் கூட்டமே காணப்படும் என்று அவர் கண்டார். உமரி மண்டிய நிலத்தை உவரென்று ஒதுக்கும் குடியானவருக்கு இக்கொள்கை புதிதன்று. புதியது யாதெனில், ஒரு செடியை மட்டும் நம்பாமல் செடிகளின் கூட்டத்தையே நோக்கியதும், அதனை ஒரு தேசம் முழுமைக்கும் பொருந்தும் ஒழுங்காக அமைத்ததுமேயாம்.

வகைகள்

தென் பின்லாந்தில் கரம்பு மேட்டுக் காடுகளை, வளம் மிகுந்தது முதல் வறியது வரை, கீழ்க்கண்ட வரிசையில் பகுப்பர். வகைகளுக்கு அவற்றில் சிறப்பாகக் காணப்படும் செடிகளின் தாவர சாஸ்திரப் பெயர்களே இடப்பட்டுள்ளன.

1. ஆக்ஸாலிஸ்-மிர்த்தில்லுஸ் வகை. ஆக்ஸாலிஸ் என்பது புளியாரையின் இனம். இலை மூன்று பிளவாய், புளிப்புச் சுவையுடன் தரையோடு படர்ந்திருக்கும். இது காணப்படும் இடம் சத்து மிகுந்தது. மட்கு நன்றாக மண்ணோடு கலந்திருக்கும். இதைவிட வளமான சோலை நிலங்களும் சில உண்டு. அவற்றில் பல பழங்காலத்திலேயே வயலாக்கப்பட்டுவிட்டன.

2. மிர்த்தில்லுஸ் வகை. நீலக் கனி தரும் குறுஞ்செடி முழங்காலுக்குக் கீழ் அடர்ந்து, அதன் அடியில் பச்சைப்பாசி மெத்தை போல் விரிந்திருக்கும். நடுத்தரத்திற்கு மேலான, ஈரம் காக்கும் நிலம் இது.

3. வாக்ஸினியம் வகை. தடித்த பச்சிலையும் செங்கனியும் உடைய குறுஞ்செடி மேலோங்கி நிற்கும். மண் மணற்பாங்காய், ஈரம் குறைந்திருக்கும்.

4. கல்லூனா வகை. நுண்ணிய இலையும் ஊதா நிறப் பூவுமுடைய புதர்ச்செடி பரவி, இடையிடையே வெண்மையான பாசியினம் தலைகாட்டும். வறண்ட மணல் நிலம்.

5. கிளாதினா வகை. கறிமசாலாவில் சேர்க்கும் கல்பாசி எவ்வினமோ, அவ்வினத்தைச் சேர்ந்த வெண்ணிறப் பாசி தரை முழுவதையும் மூடியிருக்கும். வடக்கே கலைமான்களுக்குக் குளிர்கால உணவு இதுவே. மரம் வளர்ப்போனுக்கோ இது மிகக் கடைத்தரம்.

இவ்வைந்தையும் அறியப் பெரிய கருவி ஒன்றும் வேண்டுவதில்லை. காட்டில் நடந்து பழகிய குடியானவர் சில நாட்களில் கற்றுக்கொள்ளலாம். இம்முறை பரவியதற்கு இதுவே முதற் காரணம்.

அளவும் விளைச்சற் கணக்கும்

வகைகளைப் பெயரிட்டதோடு நில்லாமல், ஒவ்வொன்றிலும் மரம் எவ்வளவு வளர்கிறது என்பதை அளந்து காண்பது அடுத்த வேலையாயிற்று. இதனை யூர்யோ இல்வெசலோ என்னும் நிபுணர் செய்து, 1920-ம் ஆண்டில் தென் பின்லாந்துக்குரிய வளர்ச்சி அட்டவணைகளை வெளியிட்டார். காட்டு வகையும் மரத்தின் வயதும் தெரிந்தால், இயல்பான காட்டில் மரம் எவ்வளவு உயரமும் கனமும் பெற்றிருக்கும் என்பதை அதில் பார்த்துக் கொள்ளலாம்.

பின்னர் 1921 முதல் 1924 வரை அவரது தலைமையில் தேசம் முழுவதற்கும் காட்டுக் கணக்கு எடுக்கப்பட்டது. ஒவ்வொரு காட்டையும் அளப்பது இயலாத காரியமாகையால், தென்மேற்கிலிருந்து வடகிழக்காகப் பொதுவாக 26 கி.மீ. இடைவெளியில் நேர்கோடுகளை வகுத்து, அக்கோடுகளின் வழியே நடந்து, தாம் கடந்த நிலத்தின் காட்டு வகை, மரம், வயது ஆகியவற்றைக் குறித்து, இடையிடையே சிறு பாத்திகளை அளந்து சென்றனர். அத்தேசத்தில் மேடுகளும் ஏரிகளும் பெரும்பாலும் வடமேற்கு-தென்கிழக்காக நீண்டு கிடப்பதால், அவற்றைக் குறுக்கே வெட்டிச் செல்லும்படி கோடு அமைந்தால்தான் எல்லாத் தரமும் உரிய விகிதத்தில் கணக்கில் விழும். நடந்த கோடுகளின் மொத்த நீளம் 13,000 கி.மீ.க்கு மேற்பட்டது. இக்கணக்கெடுப்பு அதுமுதல் திரும்பத் திரும்ப நடத்தப்பட்டு வருகிறது.

தீர்வை விதித்த விதம்

இவ்வகையீடு கிராமத்தாரை நேரே தொட்டது தீர்வை விஷயத்திலேயாம். 1920-களின் தொடக்கம் முதல் பின்லாந்தில் காட்டு வரி, அவ்வாண்டில் வெட்டி விற்ற மரத்தின்மேல் விதிக்கப்படவில்லை. அந்நிலம் சராசரியாக விளைவிக்க வல்லது எவ்வளவோ அதன்மேல் விதிக்கப்பட்டது. காட்டு வகையை ஆதாரமாகக் கொண்டு நிலம் வரி வகுப்புகளாகப் பிரிக்கப்பட்டது. கல் மிகுந்திருத்தல், சதுப்புத் தட்டியிருத்தல் போன்ற குறைகள் இருப்பின் வகுப்புத் தாழ்த்தப்பட்டது.

இதனால் விளைந்த நன்மை தெளிவு. நன்றாகப் பராமரித்து மிகுதியாக விளைவித்தவனுக்கு வரி உயரவில்லை. சராசரிக்கு மேற்பட்ட வருவாய் அவனுக்கே நின்றது. நல்ல நிலத்தைப் பாழ்போட்டவன் அதே வரியைச் செலுத்தியாக வேண்டியிருந்ததால், உழைக்கத் தூண்டப்பட்டான். விற்பனைக் கணக்கை மறைத்து வரி தப்புவதற்கும் இடமில்லை.

ஆயின் தீமையும் இல்லாமற் போகவில்லை. பாட்டன் காலத்தில் வெட்டப்பட்டு இளமரங்களே நிற்கும் காட்டைப் பெற்றவன், ஒரு காசு வருவாயும் காணாமல் ஆண்டுதோறும் வரி கட்ட நேர்ந்தது. புதிதாக மரம் எழுப்பிய நிலத்திற்குச் சலுகை அளிக்கப்பட்டும் இம்மனக்குறை முற்றிலும் நீங்கவில்லை. முடிவில் 1993-ம் ஆண்டுச் சீர்திருத்தத்தால் வரி உண்மையான விற்பனை வருவாயின்மேல் மாற்றப்பட்டது. விரும்பியவர் பழைய முறையிலேயே 2005-ம் ஆண்டு முடிய நீடிக்க அனுமதிக்கப்பட்டனர். வரி முறை மாறியது. நில வகையீடு மாறவில்லை. இன்றும் அங்குக் காட்டுடைமையாளரின் பராமரிப்புத் திட்டத்தில் ஒவ்வொரு துண்டுக்கும் நில வகை எழுதப்படுகிறது.

நிலத்திற்கேற்ற மரம்

வகை எழுதப்படுவதன் பயன், எம்மரம் வைப்பது என்பதில் வெளிப்படும். புளியாரை இன வகையிலும் நீலக்கனி வகையிலும் ஸ்ப்ரூஸும் பிர்ச்சும் நன்கு வளரும். செங்கனி வகையிலும் அதற்குக் கீழ்ப்பட்ட வறண்ட நிலங்களிலும் பைன் ஒன்றே நம்பத்தக்கது. வறண்ட மணலில் ஸ்ப்ரூஸை நட்டால் அது குன்றி நிற்கும். இதற்கு எதிராக, மிக வளமான நிலத்தில் பைனை நட்டாலோ, அது விரைந்து வளர்ந்தபோதிலும் பருத்த கிளைகளை விட்டு, பலகையில் கணுக்கள் மிகுந்து, விலை குறையும். ஆகவே நல்ல நிலம் எல்லா மரத்திற்கும் நல்லது என்று எண்ணுவதும் பிழையே.

படம் வரையும் முறை

முதலில், நெடுநாள் தொந்தரவு செய்யப்படாத முதிர்ந்த காடுகளில் மாதிரிப் பாத்திகளைத் தேர்ந்தெடுக்கின்றனர். ஒவ்வொரு பாத்தியிலும் செடிகளின் பெயரும் அவை மூடியுள்ள இடத்தின் அளவும், சரிவு, சரிவு நோக்கும் திசை, கடல்மட்டத்திற்கு மேல் உயரம் ஆகியவையும் எழுதப்படும். பின்னர் குழி வெட்டி, மட்கின் கனம், மண்ணின் பருமை, கல்லின் அளவு, நீர் தேங்கியதற்கு அடையாளமான சாம்பல் நிறமும் துருப்புள்ளிகளும் கவனிக்கப்படும். ஒத்த பாத்திகள் ஒரு வகையாகச் சேர்க்கப்படும்.

இரண்டாவதாக, விமானத்திலிருந்து எடுத்த படங்களில் மேடு பள்ளங்களையும் நிறபேதங்களையும் கண்டு எல்லைக்கோடுகள் போடப்படும். மூன்றாவதாக, அக்கோடுகள் மெய்தானா என்று காட்டில் நேரே நடந்து சோதிக்கப்படும். பின்லாந்தில் 1990-ம் ஆண்டு முதல் செயற்கைக்கோள் படங்களும் கள அளவுகளோடு இணைக்கப்படுகின்றன. பின்னர் விமானத்திலிருந்து லேசர் ஒளி பாய்ச்சித் தரையின் ஏற்ற இறக்கத்தை அளக்கும் முறையும் வழக்கத்திற்கு வந்தது. ஆயினும் புளியாரை நிற்கிறதா, கல்பாசி நிற்கிறதா என்பதை நேரிற் சென்று பார்த்தறியும் வேலை ஒழிந்துபோகவில்லை.

கவனிக்க வேண்டிய குறைகள்

இம்முறையைக் குருட்டுத்தனமாகப் பின்பற்றினால் ஏமாற்றமே மிஞ்சும். புதிதாக வெட்டிய காட்டில் வெயில் விழுந்து புல்லும் களையும் மண்டி உண்மையான அடிச்செடிகளை மறைத்துவிடும். அடர்ந்த இளம் ஸ்ப்ரூஸ் காட்டிலோ நிழல் மிகுந்து தரையில் ஒன்றுமே இராது. இவ்விரண்டு இடங்களிலும் மண்குழியையும் அருகிலுள்ள முதிர்ந்த காட்டையும் பார்த்தே முடிவு செய்ய வேண்டும்.

சதுப்பு நிலங்கள் மற்றொரு பாடம் கற்பித்தன. பின்லாந்து நிலத்தில் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு சதுப்பு. அதில் சுமார் 50 லட்சம் ஹெக்டேர் நிலத்தில் மரம் வளர்ப்பதற்காக வாய்க்கால் வெட்டி நீர் வடிக்கப்பட்டது. இவ்வேலை 1960-களிலும் 1970-களிலும் உச்சத்தை அடைந்தது. கோரையினமும் பூண்டுகளும் நிற்கும் சத்துள்ள சதுப்புகளில் மரம் நன்றாக எழும்பியது. வெறும் பாசியும் குறும்புதரும் நிற்கும் வறிய சதுப்புகளில், நீர் வடிந்தபின்னும் சத்தில்லாமையால் மரம் எழும்பவில்லை. பல லட்சம் ஏக்கரில் போட்ட பணம் வீணாயிற்று. ஆறுகளும் ஏரிகளும் கலங்கியதே மிச்சம். சதுப்புகளையும் செடி வகையால் பகுத்துக் கயாண்டர் 1913-ம் ஆண்டிலேயே நூல் எழுதியிருந்தார். நீர் வடிந்தால் போதும் என்ற உற்சாகத்தில், செடிகள் சொல்லிய சாட்சியம் பலவிடங்களில் தள்ளுபடியாயிற்று.

மூன்றாவது குறை சீதோஷ்ண ஸ்திதியைப் பற்றியது. தெற்கே மரம் வளரும் பருவம் ஏறக்குறைய ஆறு மாதம். வடகோடியில் நான்கு மாதத்திற்கும் குறைவு. ஆகவே நீலக்கனிச் செடி இரண்டிடத்திலும் காணப்பட்டாலும் விளைச்சல் ஒன்றாகாது. வடக்கே அச்செடியோடு பச்சைப்பாசியும் கனத்துப் படிந்து, மண்ணைக் குளிர்ச்சியாகவே வைத்திருப்பதால், புதிய நாற்று எளிதில் பிடிப்பதில்லை. இதுபற்றியே வடபகுதிக்குத் தனி வகைப் பெயர்கள் ஏற்பட்டன.

கனடா தேசத்தில் செய்த விஸ்தரிப்பு

சீதோஷ்ணத்தையே முதற்படியாகக் கொண்டு அமைத்த முறை ஒன்று கனடாவின் மேற்கு மாகாணமாகிய பிரிட்டிஷ் கொலம்பியாவில் உண்டு. சுமார் 9½ கோடி ஹெக்டேர் பரப்புள்ள அம்மாகாணத்தில் மழை மிகுந்த கடற்கரையும், வறண்ட பள்ளத்தாக்கும், கடுங்குளிரான வடசமவெளியும் உள்ளன. செக் நாட்டிலிருந்து 1949-ம் ஆண்டில் அங்குக் குடியேறிய விளாதிமிர் கிராயினா (1905-1993) என்னும் தாவர சாஸ்திரி தம் மாணாக்கருடன் இம்முறையை அமைத்தார். 1970-களின் நடுவில் மாகாண வன இலாகா இதனை ஏற்று மாகாணம் முழுமைக்கும் படம் வரையத் தொடங்கியது.

இதன்படி மாகாணம் முதலில் சீதோஷ்ண மண்டலங்களாகப் பிரிக்கப்படுகிறது. இன்று அவை 16. ஒவ்வொரு மண்டலத்திற்குள்ளும், வறட்சி முதல் நீர்த்தேக்கம் வரை ஈரத்தின் படிகளும், மிக வறியது முதல் மிக வளமானது வரை சத்தின் ஐந்து படிகளும் கட்டம் போட்டுக் காட்டப்படுகின்றன. அதிக மேடும் அதிகப் பள்ளமும் இல்லாத நடுத்தரச் சரிவு நிலமே அம்மண்டலத்துச் சீதோஷ்ணத்தின் உண்மையான அடையாளம் எனக் கொள்ளப்படுகிறது. களத்திற்குச் செல்பவர் செடியையும் மண்ணையும் பார்த்துத் தம் நிலம் எந்தக் கட்டத்தில் விழுகிறது என்று கண்டு, அதற்குரிய மரத்தைத் தேர்ந்து கொள்கிறார்.

பூமியின் உஷ்ணம் உயர்ந்து வரும் இக்காலத்தில் இவ்விருபடி அமைப்பின் அருமை புலனாகிறது. மண்ணும் சரிவும் அப்படியே நிற்க, சீதோஷ்ணம் மட்டும் இடம் பெயர்கிறது. படத்தில் இவையிரண்டும் தனித்தனியே குறிக்கப்பட்டிருப்பதால், மாறியதை மட்டும் திருத்தினாற் போதும். அம்மாகாணத்தில் 2018-ம் ஆண்டு முதல், நடவுக்குரிய விதையை அருகிலுள்ள காட்டிலிருந்தே எடுத்தல் என்னும் பழைய விதியை விட்டு, வரப்போகும் சீதோஷ்ணத்திற்கு ஒத்த இடத்திலிருந்து எடுக்கும் முறை புகுத்தப்பட்டுள்ளது.

முடிவு

மேற்கூறியவற்றிலிருந்து தேறும் விதிகள் சிலவே. நிலத்தை அதன் நிலையான இயல்பால் வகுக்க வேண்டும். நிற்கும் மரத்தையும் பயிரையும் வேறு கணக்கில் எழுத வேண்டும். வகையீடு சாதாரணக் குடியானவரும் தம் கண்ணால் சோதித்துப் பார்க்கக் கூடியதாயிருக்க வேண்டும்; அப்போதே உத்தியோகஸ்தர் எழுதிய தரத்தை உடைமையாளர் நம்புவர், தவறிருப்பின் எடுத்துக்காட்டவும் செய்வர். ஒரே அடையாளத்தை நம்பாமல் செடி, மண், நீர், சீதோஷ்ணம் ஆகிய நான்கையும் ஒத்துப்பார்க்க வேண்டும். நிலத்திற்கு இயற்கையில் இல்லாத சத்தை வாய்க்காலும் வரியும் உண்டாக்கமாட்டா. செலவு செய்யுமுன் ஒரு நாள் நிலத்தில் நடந்து, காலடியில் எது முளைத்திருக்கிறது என்று பார்ப்பதற்கு ஆகும் உழைப்பு அற்பம். பாராமல் விட்டதன் நஷ்டமோ வறிய சதுப்பில் வெட்டிய வாய்க்கால்களில் இன்றும் காணக் கிடக்கிறது.